சவேரியாரின் கை எலும்பு இருக்கும் ஊர்

ஹாங்காங்கில் வேலை பார்க்கும் மகனிடம், பக்கத்திலுள்ள மக்காவு நகரத்துக்குப் போக வேண்டும் என்று சொன்னபோது, "அங்கே உங்களுக்கு என்ன இருக்கிறது அம்மா? எல்லாம் சூதாட்ட விடுதிகள்" என்றான். ஒரு கை எலும்பு இருக்கிறது என்றேன். புனித பிரான்சிஸ் சவேரியாரின் வலது மேற்கை எலும்பு.

நாங்கள் தூத்துக்குடிப் பரதவர். என் அம்மா பிறந்தது மணப்பாட்டில். அங்கே கடலைப் பார்த்த மணல்மேட்டின் மேல் திருச்சிலுவைக் கோயிலும், பக்கத்துப் பாறையில் சவேரியார் தங்கியிருந்ததாகச் சொல்லும் குகையும் இருக்கின்றன. செப்டம்பர் 14 திருவிழாவுக்குப் போகும் ஒவ்வொரு முறையும் அம்மா எங்களைக் குகைக்குள் அழைத்துச் சென்று முழங்காலிடச் சொல்வாள். அங்கே அலைச்சத்தம் காதை அடைக்கும்.

1542-இல் கோவாவில் வந்திறங்கிய சவேரியார் அந்த ஆண்டே எங்கள் கரையான முத்துக்குளித்துறைக்கு வந்துவிட்டார். எங்கள் முன்னோர்கள் அதற்கு முன்பே, 1530-களில், ஊர் ஊராக ஞானஸ்நானம் பெற்றிருந்தார்கள். முத்துச் சலாபத்தில், அதாவது முத்துக்குளிப்பில், வந்த சண்டைகளில் உயிருக்கும் தொழிலுக்கும் பாதுகாப்புத் தேடிப் போர்த்துகீசியரிடம் போனவர்கள் அவர்கள். வேதத்தில் சேர்ந்தாலும் ஒரு செபம் சொல்லித்தர ஆளில்லை. சவேரியார் செபங்களைத் தமிழில் எழுதி வாங்கி, தானே மனப்பாடம் செய்து, கையில் மணியை ஆட்டிக்கொண்டு தெருத்தெருவாகப் போய்ப் பிள்ளைகளைக் கூட்டிச் சொல்லிக்கொடுத்தார். ஞானஸ்நானம் கொடுத்துக் கொடுத்துக் கை ஓய்ந்துபோகிறது என்று 1544-இல் எழுதிய கடிதம் ஒன்றில் சொல்லியிருக்கிறார். அந்தக் கையைத்தான் நான் பார்க்க ஆசைப்பட்டேன்.

அவர் 1552 டிசம்பர் 3 அன்று, சீனக் கரையை ஒட்டிய சாங்சுவான் தீவில், பெருநிலத்துக்குள் நுழைய வழி கிடைக்காமலே இறந்துபோனார். ஐந்து ஆண்டுகள் கழித்து, 1557-இல், அந்தக் கரையிலேயே மக்காவில் போர்த்துகீசியர் குடியேறினார்கள். அவரது உடல் கோவாவில் இருக்கிறது. வலது முன்கையை 1614-இல் எடுத்து ரோமுக்கு அனுப்பினார்கள். மேற்கை எலும்பு ஜப்பானுக்குப் போயிருக்க வேண்டியது. அங்கே கிறிஸ்தவர்களை வேட்டையாடத் தொடங்கிவிட்டதால் அது மக்காவோடு நின்றுவிட்டது.

ஹாங்காங்கிலிருந்து மக்காவுக்கு இப்போது கடல்மேல் கட்டிய பெரிய பாலத்தில் பஸ்ஸிலேயே போய்விடலாம். கடல்வழியாகத்தான் போவேன் என்று நான் பிடிவாதம் பிடித்ததால் மகன் படகுக்கு டிக்கெட் எடுத்தான். ஏறக்குறைய ஒரு மணி நேரம். முத்து ஆறு கடலில் கலக்கும் இடம் அது. மக்காவை நெருங்க நெருங்கத் தண்ணீர் பச்சை நிறம் மாறிச் செம்மண் கரைத்தது போல ஆகிவிடுகிறது.

கரையிறங்கியதும் நான் முதலில் பார்க்கக் கேட்டது ஆ-மா கோயில். போர்த்துகீசியர் வருவதற்கு முன்பே அங்கே இருந்த கோயில் அது. கடலோடிகளைக் காக்கும் பெண் தெய்வம். மலைச்சரிவில் பாறைகளுக்கு நடுவே சிறு சிறு சன்னதிகள். மேலே தலைகீழ்க் கூம்புகளாகச் சுருள் ஊதுபத்திகள் தொங்குகின்றன. ஒரு பாறையில் பாய்மரக் கப்பல் ஒன்றைச் செதுக்கி வண்ணம் தீட்டியிருக்கிறார்கள். அந்தக் கப்பலுக்கு முன்னால் ஒரு வயதான பெண் நின்று வாய்க்குள் ஏதோ சொல்லிக்கொண்டிருந்தார். மொழி தெரியாவிட்டாலும் என்ன கேட்கிறார் என்று எனக்குத் தெரியும். போன பிள்ளை திரும்பி வர வேண்டும். எங்கள் பனிமய மாதா கோயிலிலும் ஆகஸ்ட் 5 திருவிழாவில் கடலுக்குப் போனவர்களின் தாய்மார் கேட்பது அதைத்தான். நான் கத்தோலிக்கப் பெண். வேறு தெய்வத்தின் முன் ஊதுபத்தி ஏற்றவில்லை. ஆனால் அந்த அம்மாவின் பக்கத்தில் கொஞ்ச நேரம் நின்று என் மாதாவிடம் அவருக்காகவும் சேர்த்து மன்றாடினேன்.

கோயிலிலிருந்து மேட்டுத் தெருவில் நடந்தால் மஞ்சள் வண்ணத்தில், கூர்வளைவுகள் வரிசையாக வைத்த நீண்ட கட்டடம் ஒன்று வருகிறது. 1874-இல் கோவாவிலிருந்து வந்த இந்தியப் படைவீரர்கள் தங்குவதற்காகக் கட்டியது. வரைந்து கொடுத்தவர் ஓர் இத்தாலியர். சீனாவில், போர்த்துகீசிய ஆட்சியில், இந்தியருக்காக, முகலாயச் சாயலில் இத்தாலியர் கட்டிய விடுதி! இப்போது துறைமுக அலுவலகமாக இருக்கிறது. வாசலில் நின்று அந்தப் பையன்களை நினைத்துக்கொண்டேன். எந்தக் கொங்கணக் கிராமத்திலிருந்து வந்தார்களோ, சோறு பிடித்ததோ இல்லையோ.

அதே தெருவில் இன்னும் சற்றுத் தூரத்தில் லிலாவ் சதுக்கம். ஆலமரங்கள் நிழல் தரும் சின்ன முற்றம், ஓர் ஊற்று. போர்த்துகீசியர் முதன்முதலாக வீடு கட்டிக் குடியிருந்த பகுதிகளில் ஒன்று. லிலாவ் ஊற்றின் தண்ணீரைக் குடித்தவர்கள் மக்காவை மறக்க மாட்டார்கள் என்று அவர்களிடம் ஒரு பாட்டே உண்டாம். தெருப்பெயர்ப் பலகைகள் எல்லாம் நீலமும் வெள்ளையுமான பீங்கான் ஓடுகள். மேலே சீனம், கீழே போர்த்துகீசியம். 1999 டிசம்பர் 20 அன்று ஊர் சீனாவிடம் திரும்பிப் போன பிறகும் போர்த்துகீசியம் ஆட்சிமொழிகளில் ஒன்றாக இருக்கிறது. ஆனால் தெருவில் அதைப் பேசி நான் கேட்கவில்லை.

சதுக்கத்தை ஒட்டி மாண்டரின் மாளிகை என்ற வீடு. சீனச் சீர்திருத்தச் சிந்தனையாளரான செங் குவான்யிங்கின் குடும்ப வீடு. 1869 வாக்கில் கட்டப்பட்டது. சாம்பல் நிறச் செங்கல், சீன முற்றங்கள், அதற்குள் மேற்கத்திய வளைவுகளும் கதவுகளும். என்னை அங்கே பிடித்து நிறுத்தியவை ஜன்னல்கள். கண்ணாடிக்குப் பதிலாகச் சிப்பி வைத்திருக்கிறார்கள். தட்டையான சிப்பியை உள்ளங்கையளவுக்கும் சிறிய துண்டுகளாகச் சதுரமாக நறுக்கி, மரச் சட்டங்களுக்கு நடுவே வரிசையாகச் செருகியிருக்கிறார்கள். கிட்டத்தில் போய்ப் பார்த்தால் ஒவ்வொரு துண்டிலும் சிப்பி வளர்ந்த கோடுகள் மெல்லிய வளையங்களாகத் தெரிகின்றன. ஓரங்களில் இளஞ்சிவப்பும் பச்சையும் ஓடுகின்றன. உள்ளே வரும் வெளிச்சத்துக்குச் சூடே இல்லை. கோவாவின் பழைய வீடுகளிலும் இதே சிப்பி ஜன்னல் உண்டு. என் தாத்தாவின் அப்பா மூச்சடக்கிச் சிப்பி எடுத்தவர். சிப்பியைப் பிளந்து முத்தை எடுத்துக்கொண்டு ஓட்டைக் குவித்துச் சுண்ணாம்புக்கு எரிப்பதுதான் எங்களுக்குத் தெரிந்தது. ஒரு சீனத் தச்சர் அதை வெளிச்சம் வடிகட்டும் பொருளாக ஆக்கியிருக்கிறார். நான் அந்த ஜன்னலை விட்டு வரவில்லை. மகன் முற்றத்தில் போய் உட்கார்ந்துவிட்டான்.

அங்கிருந்து புனித சூசையப்பர் குருமடத்துக் கோயில். செங்குத்தான கற்படிகளில் ஏறிப் போக வேண்டும். 1758-இல், சவேரியாரின் துறவற சபையான சேசு சபையார் கட்டியது. மேலே குவிமாடம், பீடத்தில் முறுக்கிய தூண்கள், அவற்றின் மேல் தங்கப்பூச்சு இலைகள். அந்த நேரத்தில் உள்ளே வேறு யாருமில்லை. ஒரு பக்கத்தில் கண்ணாடி வைத்த பேழைக்குள் எலும்பு.

பழுப்பேறிய, ஒரு சாண் அளவு எலும்பு. அவ்வளவுதான். நான் முழங்காலிட்டேன். சின்ன வயதில் கற்ற பழைய செபத்தைச் சொல்ல ஆரம்பித்தேன், நடுவில் நிறுத்த முடியாமல் அழுகை வந்துவிட்டது. என் பாட்டிக்கும் அவளுடைய பாட்டிக்கும் முந்தைய யாரோ ஒருத்தி, கடற்கரை மணலில் பிள்ளையை ஏந்திக்கொண்டு நின்றிருப்பாள். அந்தத் தலையில் தண்ணீர் ஊற்றிய கையாக இது இருக்கலாம். எங்கள் தெருக்களில் பெர்னாண்டோ, ரோட்ரிகோ, மிராண்டா, கோமஸ் என்று வீட்டுக்கு வீடு பெயர் இருப்பதற்கும் இந்த ஊரில் சீன முகங்கள் அதே பெயர்களைச் சுமப்பதற்கும் கப்பல் ஒன்றுதான். லிஸ்பனில் கிளம்பி, கோவாவைத் தொட்டு, மலாக்கா வழியாக மக்காவுக்கு வந்து, நாகசாகிக்குப் போன வழித்தடம் அது.

புனித சின்னப்பர் (பவுல்) கோயிலின் இடிபாட்டைப் பற்றிச் சொல்லாமல் மக்காவைப் பற்றி எழுத முடியாது. ஊரின் எல்லாப் படங்களிலும் இருப்பது அதன் முகப்புச் சுவர்தான். ஆனால் அந்தச் சுவருக்கு முன்னால் படம் எடுத்துக்கொள்ளும் கூட்டத்தில் பத்தில் ஒருவராவது அண்ணாந்து படிக்கிறார்களா என்று தெரியவில்லை. படிக்க வேண்டிய சுவர் அது.

தேவதாயின் பெயரால் எழுப்பப்பட்ட சேசு சபைக் கோயில். 1602-இல் தொடங்கினார்கள், கருங்கல் முகப்பு 1640-இல் முடிந்தது. வடிவமைத்தவர் இத்தாலியரான கார்லோ ஸ்பினோலா என்பார்கள். அவர் பின்னர் ஜப்பானுக்குப் போய் 1622-இல் நாகசாகியில் உயிரோடு எரிக்கப்பட்டார். கல்லில் உளி பிடித்தவர்களில் உள்ளூர்ச் சீனர்களோடு ஜப்பானியக் கிறிஸ்தவர்களும் இருந்தார்கள். 1614-இல் ஜப்பானில் கிறிஸ்தவர்களை நாடு கடத்தும் ஆணை வந்தபோது ஊரைவிட்டு வந்தவர்கள்.

ஐந்து அடுக்குகள். உச்சியில் புறா, சுற்றிலும் சூரியன், சந்திரன், நட்சத்திரங்கள். அதற்குக் கீழே குழந்தை இயேசு, அவரைச் சிலுவையில் அறைந்த பாடுகளின் கருவிகள். நடு அடுக்கில் மாதா, சுற்றிலும் சம்மனசுகள் என்னும் வானதூதர்கள். அங்கே சீனத்துக்குப் பியோனிப் பூவும் ஜப்பானுக்குச் செவ்வந்திப் பூவும் செதுக்கியிருக்கிறார்கள். அதே அடுக்கில் ஒரு போர்த்துகீசியக் கப்பல். ஒரு ஜீவ ஊற்று, ஒரு ஜீவ மரம். ஏழு தலை நாகம் ஒன்றின் மேல் ஒரு பெண் நிற்கிறாள்; பக்கத்தில் மேலிருந்து கீழாகச் சீன எழுத்து. மகன் தன் கைபேசியில் பார்த்துப் படித்துச் சொன்னான்: தேவதாய் நாகத்தின் தலைகளை மிதிக்கிறாள். இன்னொரு மூலையில் எலும்புக்கூடு ஒன்று படுத்திருக்கிறது. அதற்கும் சீனத்தில் எழுதியிருக்கிறார்கள், மரணத்தை நினை, பாவம் செய்யாதே என்று. பக்கவாட்டில் வாயைப் பிளந்தபடி சீனச் சிங்கங்கள் நீட்டிக்கொண்டிருக்கின்றன. அதற்கும் கீழ் அடுக்கில் சேசு சபைப் புனிதர்களின் நான்கு வெண்கலச் சுரூபங்கள்: போர்ஜியார், இஞ்ஞாசியார், சவேரியார், ஞானப்பிரகாசியார். சவேரியாரை அங்கே பார்த்ததும் நான் சத்தமாகவே கூப்பிட்டுவிட்டேன். பக்கத்தில் நின்றவர்கள் திரும்பிப் பார்த்தார்கள்.

கிழக்கும் மேற்கும் இங்கே கைகோத்தன என்று சுற்றுலாப் பிரசுரங்களில் எழுதுகிறார்கள். அந்தச் சுவரின் முன் நின்று எனக்குத் தோன்றியதைச் சொல்கிறேன். திசைகள் எதையும் செய்வதில்லை. ஊரைவிட்டுத் துரத்தப்பட்ட ஒரு கல்தச்சன், பிழைப்புக்காக வந்த இடத்தில், யாரோ கொடுத்த படத்தைப் பார்த்துச் சம்மனசுக்குப் பக்கத்தில் தன் ஊர்ப் பூவை வைத்தான். செவ்வந்தியைச் செதுக்கும்போது அவனுக்குத் தன் வீட்டு முற்றம் ஞாபகம் வந்திருக்கும். இனித் திரும்பிப் போக முடியாது என்று தெரிந்தவன் செதுக்கிய பூ. அவன் பெயர் சுவரில் எங்கும் இல்லை. எங்கள் ஊர்ப் பரதவரும் அப்படித்தான் இந்தக் கதைக்குள் வந்தார்கள், போக்கிடம் இல்லாமல்.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். இதே துறைமுகத்திலிருந்துதான் 1850-களிலிருந்து 1874 வரை சீன ஏழைகளைக் கூலிகளாகக் கப்பலேற்றிக் கியூபாவுக்கும் பெருவுக்கும் அனுப்பினார்கள். ஏமாற்றியும் கடத்தியும் கொண்டுவரப்பட்டவர்கள் அதில் ஏராளம். எங்கள் தூத்துக்குடித் துறையிலிருந்தும் இலங்கைத் தோட்டங்களுக்கு ஆட்கள் போனார்கள். மக்காவின் அழகான சதுக்கங்களைப் பற்றிப் பேசுகிறவர்கள் இதையும் சேர்த்துப் பேச வேண்டும் என்று நினைக்கிறேன்.

சேசு சபையாரை 1762-இல் மக்காவிலிருந்து வெளியேற்றிய பிறகு கோயில் கட்டடத்தைப் படைவீரர் விடுதியாக்கினார்கள். 1835 ஜனவரியில் அங்கே சமையலறையில் பிடித்த தீயில் எல்லாம் போய்விட்டது. மிஞ்சியது முகப்பும், அதன் முன்னால் உள்ள பெரிய படிக்கட்டும். பின்னால் போய்ப் பார்த்தால் இரும்புச் சட்டம் ஒன்று சுவரைத் தாங்கிக்கொண்டிருக்கிறது. கோயிலின் தரை இருந்த இடத்துக்கு அடியில் சிறு அருங்காட்சியகம். ஜப்பானிலும் வியட்நாமிலும் வேதசாட்சிகளாக இறந்தவர்களின் எலும்புகளைக் கண்ணாடிக்குப் பின்னால் அடுக்கியிருக்கிறார்கள்.

இடிபாட்டை உரசிக்கொண்டு நா-சா என்ற சிறுவன் தெய்வத்துக்கு ஒரு கோயில் இருக்கிறது. கொள்ளைநோய் பரவிய காலத்தில் காப்புக்காக 1888-இல் கட்டியது. ஓர் அறைதான். இரண்டுக்கும் பக்கத்தில் பழைய நகரச் சுவரின் துண்டு ஒன்று நிற்கிறது: களிமண், மணல், வைக்கோல், கல், சிப்பி எல்லாம் சேர்த்து இடித்து எழுப்பியது. சிப்பி கலந்த அந்தச் சுவரைக் கையால் தடவிப் பார்த்தேன். சொரசொரவென்று எங்கள் பழைய வீட்டு மதில் மாதிரியே இருந்தது.

செனடோ சதுக்கத்தைப் பற்றி அதிகம் சொல்ல ஒன்றுமில்லை. கறுப்பும் வெள்ளையுமாக அலைகள் போட்ட கல்தரை அழகுதான், ஆனால் அது 1990-களில் போட்டது. சுற்றியுள்ள பழைய கட்டடங்களின் கீழ்த்தளங்களில் முகப்பூச்சுக் கடைகள். அங்கிருந்து இடிபாட்டுக்கு ஏறும் தெருவில் பலகாரக் கடைக்காரர்கள் தட்டை நீட்டிக்கொண்டே இருக்கிறார்கள். பன்றி இறைச்சித் தகடுகளைக் கத்தரிக்கோலால் வெட்டி வெட்டிக் கையில் கொடுக்கிறார்கள். பாசிப்பயறு மாவும் பாதாமும் கலந்து மர அச்சில் அடித்து எடுக்கும் பிஸ்கோத்து நன்றாக இருந்தது. வாயில் போட்டால் பயற்றம் மாவின் மணம்.

மறுகரையில், கடலைத் தூர்த்து உண்டாக்கிய நிலத்தில், வெனிஸ் நகரத்தையும் ஈபிள் கோபுரத்தையும் நகலெடுத்துச் சூதாட்ட விடுதிகள் கட்டியிருக்கிறார்கள். ஊரின் வருமானமே அவற்றிலிருந்துதான் வருகிறது. நான் பஸ் ஜன்னல் வழியாகப் பார்த்ததோடு சரி. பக்கத்திலேயே அசல் இருக்கும்போது அங்கே இறங்க எனக்கு மனம் இல்லை.

பஸ் போய்ச் சேர்ந்த இடம் கொலோவான் என்ற மீன்பிடி ஊர். அங்கே சவேரியார் பெயரில் 1928-இல் கட்டிய சிறிய கோயில் ஒன்று, மஞ்சளும் வெள்ளையுமாக. நான் பார்த்த கை எலும்பு ஒரு காலத்தில் இங்கேதான் இருந்தது. உள்ளே சீன உடை உடுத்திய மாதாவின் படம் இருக்கிறது, கையில் குழந்தையோடு. அதே ஊரில்தான் 1989-இல் ஆண்ட்ரூ ஸ்டோ என்ற ஆங்கிலேயர் ரொட்டிக்கடை திறந்து, போர்த்துகீசிய முட்டைப் பலகாரத்தைத் தன் ஊர் முறையும் கலந்து செய்யத் தொடங்கினார். இப்போது ஆசியா முழுவதும் மக்காவு முட்டை டார்ட் என்று விற்பது அதுதான். மேலோடு அடுக்கடுக்காக உதிர்கிறது. நடுவில் மஞ்சள் கருவும் பாலும் இறுகிய கூழ், மேலே ஆங்காங்கே கருகிய திட்டுகள். எங்கள் தூத்துக்குடி மக்ரூனும் போர்த்துகீசியர் காலத்திலிருந்து வந்தது என்றுதான் பெரியவர்கள் சொல்வார்கள். அதற்கு முட்டையின் வெள்ளைக்கரு மட்டும் போதும், முந்திரிப் பருப்போடு. மஞ்சள் கருவை என்ன செய்வது என்று எங்கள் ஊர் ரொட்டிக்கடைகளில் யோசிப்பார்கள். இங்கே அதற்கு வழி கண்டிருக்கிறார்கள்.

மதியச் சாப்பாடு மக்கானியச் சமையல் செய்யும் ஒரு சிறிய உணவகத்தில். மக்கானியர் என்பவர்கள் போர்த்துகீசியரும் சீனரும் மலாய்க்காரரும் கோவாக்காரரும் கலந்து பிறந்த வம்சம். இப்போது சில ஆயிரம் பேர்தான் இருக்கிறார்கள். முதலில் வந்தது புளியும் இறால் விழுதும் சேர்த்த பன்றிக்கறி. அந்த விழுதைப் பலிஷாவ் என்கிறார்கள். சின்ன இறாலை உப்பும் மிளகாயும் போட்டு ஊறவைப்பது. ஒரு வாய் வைத்ததும் கூனிப்பொடி மணம். எங்கள் வீட்டில் யாரோ சமைத்தது போலத்தான் சாப்பிட்டேன்.

அடுத்து வந்தது போர்த்துகீசியக் கோழி. போர்த்துகல்லில் இப்படி ஓர் உணவே கிடையாது என்று உணவகத்துப் பெண்மணி சிரித்துக்கொண்டே ஆங்கிலத்தில் சொன்னார். மஞ்சளும் தேங்காய்ப்பாலும் எங்கே கிடைத்தன என்று கேட்டேன். "கப்பல் நின்ற எல்லா இடத்திலும்" என்றார். தன் பாட்டி எதையும் எழுதி வைத்ததில்லை என்றும், பக்கத்தில் நின்று பார்த்துக் கற்றுக்கொண்டதாகவும் சொன்னார். கேட்டதும் தயங்காமல் எனக்கும் செய்முறையைச் சொல்லிவிட்டார். என் சமையலறையில் ஒத்திகை பார்த்த பிறகு எழுதுகிறேன்.

கோழியைப் பெரிய துண்டுகளாக வெட்டி, உப்பும் மஞ்சளும் தடவி வையுங்கள். வெங்காயமும் பூண்டும் வதங்கியதும் ஒரு கரண்டி மசாலாத் தூளும், கோழியும், முக்கால் வேக்காடு வெந்த உருளைக்கிழங்கும் போட்டுப் புரட்டி, இரண்டாம் தேங்காய்ப்பாலில் வேகவிட வேண்டும். கெட்டிப்பாலை ஊற்றியதும் கொதிக்கவிடாமல் இறக்கி, அகலமான பாத்திரத்துக்கு மாற்றி, பாதியாக வெட்டிய அவித்த முட்டையையும் கறுப்பு ஆலிவையும் பதியுங்கள். அவர்கள் பன்றித் தொத்திறைச்சியும் வைக்கிறார்கள். இங்கே கோவா சோரிசோ கிடைத்தால் அது போதும். மேலே தேங்காய்த் துருவல் தூவி, ஓவனில் மேல்பக்கம் பொன்னிறமாகும்வரை வைத்தால் முடிந்தது. ஓவன் இல்லாதவர்கள் தட்டால் மூடித் தட்டின் மேல் தணல் அள்ளிப் போடலாம். என் அம்மா கேக் செய்தது அப்படித்தான். பச்சை மிளகாய் சேர்க்கக் கை துறுதுறுக்கும். சேர்க்காதீர்கள், அந்தக் கோழிக்கு அது வேண்டாம். வரும் கிறிஸ்துமஸுக்கு எங்கள் வீட்டில் பிரியாணியோடு இதுவும் உண்டு. ஆலிவ் புட்டியை மகன் கொண்டுவருகிறான்.